அப்பாவுக்கு வேண்டியிருந்த வேகம்

பக்கவாதம் வந்து, ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்குத் திரும்பியபோது அப்பாவிடம் ஒரே ஒரு சொல்தான் மிச்சமிருந்தது. "அது." தண்ணீர் வேண்டுமானாலும் அது, ஃபேனைக் குறைக்க வேண்டுமானாலும் அது, அம்மாவைக் கூப்பிடவும் அதே அது. கையும் காலும் மெல்லத் திரும்பிக்கொண்டிருந்தன. நாங்கள் பேசுவது எல்லாம் அவருக்குப் புரிந்தது. ஆனால் பதில் சொல்ல வாயைத் திறந்தால் சொல் கிடைக்காது. தேடுவார், தேடுவார், கண் கலங்கும், கடைசியில் "அது" என்று சொல்லிவிட்டுச் சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொள்வார். தொழிற்சாலை வாசலில் யூனியன் கூட்டம் என்றால் மைக் இல்லாமலே கடைசி வரிசைவரை கேட்கப் பேசிய மனிதர் அவர். நிர்வாகத்தால் மூட முடியாத அந்த வாயை மூளைக்குள் இருந்த ஒரு சின்ன இரத்தக் கட்டி மூடிவிட்டது. எனக்கு வந்த துக்கத்தைவிட ஆத்திரம்தான் அதிகம்.

ஊரின் மறுகோடியில், வைட்ஃபீல்டில் இருந்த என் அபார்ட்மெண்டைப் பூட்டிவிட்டு, ரிச்சர்ட்ஸ் டவுனுக்குப் பின்னால் இருக்கும் எங்கள் பழைய சந்து வீட்டுக்கு வந்துவிட்டேன். ஆபீஸ் வேலையை அங்கிருந்தே பார்க்கலாம் என்று மேலதிகாரியிடம் சண்டை போட்டு வாங்கிக்கொண்டேன். வரும்போது கொண்டுவந்தது ஒரு துணிப்பெட்டி, ஒரு ரெக்கார்ட் பிளேயர். டாக்ஸியில் வழியெல்லாம் பிளேயரை மடியில் வைத்துக்கொண்டு, ஒவ்வொரு ஸ்பீட் பிரேக்கருக்கும் டிரைவரிடம் கத்திக்கொண்டே வந்தேன். வாசலில் பார்த்த அம்மா, "அப்பாவப் பாக்க வந்தியா, பாட்டுக் கேக்க வந்தியா?" என்றாள். ரெண்டுக்கும்தான் என்றேன்.

எனக்கு ரெக்கார்ட் பைத்தியம் உண்டு. இதில் மறைக்க ஒன்றுமில்லை. சம்பாத்தியத்தில் நகை வாங்காமல் இசைத்தட்டு வாங்கியவள் என்று சொந்தக்காரர்கள் கல்யாண வீடுகளில் என்னைப் பற்றிப் பேசிக்கொள்வது என் காதுக்கும் வந்திருக்கிறது. பேசட்டும். எங்களைப் போன்றவர்களுக்கு என்று சில கிறுக்குகள் இருக்கின்றன. தட்டின் விளிம்பைத் தவிர வேறு எங்கும் விரல் படக்கூடாது. ஊசியின் எடையை அளந்து வைக்க வேண்டும். தட்டு நிமிடத்துக்கு முப்பத்து மூன்று சுற்றும் இன்னும் மூன்றில் ஒரு பங்கும் சுற்ற வேண்டும், ஒரு இழை கூடவும் கூடாது, குறையவும் கூடாது. அதைப் பார்க்கப் புள்ளி போட்ட ஒரு அட்டை உண்டு. அதைத் தட்டின்மேல் வைத்துச் சுற்றவிட்டு டியூப்லைட் வெளிச்சத்தில் பார்த்தால், வேகம் சரியாக இருந்தால் புள்ளிகள் அசையாமல் நிற்பது போலத் தெரியும். புள்ளி நகர்ந்தால் எனக்கு அன்றைக்குச் சோறு இறங்காது. எல்லாவற்றுக்கும் மேலாக, போனில் கேட்கும் பாட்டில் உயிரில்லை என்று நாங்கள் சத்தியமாக நம்புகிறோம்.

அப்பாவுக்குப் பேச்சுப் பயிற்சி கொடுக்க வந்த பெண் கன்னடக்காரர். தமிழ் சரளமாகப் பேசுவார். முதல் நாளே என்னைத் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னார். "மேடம், மூளையில பேச்சு இருக்கிற இடம் வேற, பாட்டு இருக்கிற இடம் வேற. பேச்சு போனவங்க சில பேரு பாடுவாங்க. வார்த்தையோட பாடுவாங்க. அதப் புடிச்சிட்டு மெதுவா பேச்சுக்கு வரலாம். அவருக்கு ரொம்பப் பழக்கமான பாட்டு ஒண்ணு எடுங்க, கூடவே பாட வெச்சுப் பாருங்க. இப்பவே ஷுரு பண்ணுங்க. லேட் ஆக ஆகக் கஷ்டம் ஜாஸ்தி."

எந்தப் பாட்டு என்று யோசிக்கவே தேவையில்லை. நான் சின்னப் பெண்ணாக இருந்தபோது ஞாயிற்றுக்கிழமை கறிக்குழம்பு சாப்பிட்டு முடித்ததும் அப்பா ஒரு சினிமாப் பாட்டு எல்.பி.யை எடுத்துப் போடுவார். இரண்டாம் பக்கத்தின் கடைசிப் பாட்டு. பாடியது ஒரு பெண். அப்பா கண்ணை மூடிக்கொண்டு கூடவே பாடுவார். எந்தப் பாட்டு என்று நான் சொல்லப்போவதில்லை. சொன்னால் நீங்கள் பாட ஆரம்பித்துவிடுவீர்கள், அப்புறம் நான் சொல்வது காதில் ஏறாது. அந்தத் தட்டும் இல்லை, அன்றைய பிளேயரும் இல்லை. டேப் ரெக்கார்டர் வந்ததும் அம்மா இரண்டையும் பழைய பேப்பர்காரரிடம் தள்ளிவிட்டாள். ஏம்மா என்று கேட்டால், "எடத்த அடைச்சுக்கிட்டு இருந்துச்சு" என்பதுதான் இன்றைக்கும் பதில்.

போனில் அந்தப் பாட்டைத் தேடி எடுத்துப் போட்டேன். முதல் இசை வந்ததும் அப்பாவின் முகம் மலர்ந்தது. வாயைத் திறந்து தயாராக வைத்துக்கொண்டார். பாடகியின் குரல் வந்தது. அப்பா ஏதோ தடுக்கியது போல நின்றார், வாயை மூடினார், மறுபடி திறந்தார், புருவத்தைச் சுருக்கினார். பிறகு நன்றாக இருந்த இடது கையை எடுத்து, உள்ளங்கையைக் கீழே பார்க்க வைத்து, காற்றை அமுக்குவது போல மெல்ல இறக்கினார். "அது. அது!"

"சத்தத்தக் கம்மி பண்ணச் சொல்றாருடி" என்றாள் அம்மா. குறைத்தேன். மறுபடியும் அதே கை. இன்னும் குறைத்தேன், பாட்டே கேட்கவில்லை. அதற்கும் அதே கை. மறுநாள் போட்டேன், அதற்கடுத்த நாளும் போட்டேன். ஸ்பீக்கரில் போட்டேன், காதில் மாட்டிவிட்டேன். ஒவ்வொரு முறையும் முதல் இசைக்கு முகம் மலரும், குரல் வந்ததும் வாடிவிடும். ஒரு நாள் போனைத் தட்டிவிட்டதில் அது கட்டிலுக்கு அடியில் போய் விழுந்தது.

இதற்கு எனக்கு ஒரே காரணம்தான் தோன்றியது. போன்தான் குற்றவாளி. அப்பா கேட்டது ரெக்கார்டில். அந்த உயிர் போனில் எப்படி இருக்கும்? அந்தத் தட்டையே கொண்டுவந்து, ஊசி வைத்துப் பாட வைத்தால் பாடுவார். அம்மாவிடம் சொன்னேன். அவள் தலையில் அடித்துக்கொண்டாள். "எது கேட்டாலும் கடைசில ரெக்கார்டுலதான் வந்து நிப்ப நீ. மனுஷன் பேச்சில்லாம கெடக்குறாரு, இவளுக்கு ஷாப்பிங்!"

அம்மா திட்டினால் எனக்குப் பிடிவாதம் இன்னும் ஏறும். சனிக்கிழமை காலையில் ரெக்கார்ட் கடைக்குப் போய் நின்றேன்.

நான் வழக்கமாகப் போகும் கடை ஒரு குறுக்குத் தெருவில், பேக்கரிக்கு மேலே, முதல் மாடியில் இருக்கிறது. படிக்கட்டு முழுக்கப் பன் வாசனை. கடைக்காரர் என் வயதுக்காரர். வீட்டில் கன்னடம், தெருவில் உருது, கடைக்கு வருகிறவர்களில் பாதிப் பேரிடம் தமிழ் என்று வாழ்கிறவர். வீடு காலி செய்கிறவர்கள், பெரியவர்கள் காலமானபின் சாமானை ஒழிக்கிறவர்கள் எல்லாம் பெட்டி பெட்டியாக அவரிடம்தான் ரெக்கார்டைக் கொண்டுவந்து கொட்டுவார்கள். அந்தப் பெட்டிகளை அவர் சனிக்கிழமைதான் திறப்பார். திறப்பதற்கு முன்பே நாங்கள் ஒரு கூட்டம் வாசலில் நிற்போம்.

அந்தக் கடையில் எழுதாத சட்டம் ஒன்று உண்டு. ஒரு பெட்டிமுன் ஒருவர் உட்கார்ந்தால், அவர் எழுந்திருக்கும்வரை வேறு யாரும் அதில் கைவைக்கக்கூடாது. ஒரு தட்டை எடுத்து அக்குளில் வைத்துக்கொண்டால் அது அவருடையது. அதற்குப் பிறகு கெஞ்சல் இல்லை, பேரம் இல்லை, எட்டிப் பார்த்து உச்சுக்கொட்டுவதுகூட அசிங்கம். இந்தச் சட்டத்துக்கு என்னைவிடப் பெரிய போலீஸ் அந்தக் கடையில் கிடையாது. என் பெட்டிக்குள் கைவிட்ட ஒரு ஆளை நான் வாங்கு வாங்கு என்று வாங்கியதை இன்னும் சொல்லிச் சிரிக்கிறார்கள்.

கடைக்காரரிடம் எனக்கு வேண்டிய எல்.பி.யைச் சொன்னேன். "அது வர்றது கஷ்டம் மேடம். வந்தாலும் கீறல் ஜாஸ்தி இருக்கும். வீடு வீடா தேய்ச்சிருக்காங்க அத" என்றார். கீறல் இருந்தால் பரவாயில்லை என்றேன். என்னை ஒரு மாதிரி பார்த்தார். கவர் முனையில் சின்ன மடிப்பு இருந்தாலே திருப்பிக் கொடுத்துவிட்டு வருகிறவள் நான்.

வாராவாரம் போனேன். அப்பாவுக்குக் காலைக் கஞ்சி கொடுத்துவிட்டு ஓடுவேன், மத்தியானச் சாப்பாட்டுக்குள் திரும்புவேன். தரையில் குந்தி உட்கார்ந்து முழங்கால் கழன்றது. அந்தப் படம் தவிர எல்லாப் படமும் வந்தது. இத்தனைக்கும் நடுவில், நான் பல வருஷமாகத் தேடிக்கொண்டிருந்த வேறு தட்டுகள் இரண்டு என் கையில் கிடைத்தன. எடுத்துப் பார்த்துவிட்டு அப்படியே பெட்டியில் வைத்துவிட்டேன். அன்றைக்குத்தான் கடைக்காரருக்கு இது விளையாட்டில்லை என்று புரிந்திருக்க வேண்டும்.

கடைசியில் ஒரு சனிக்கிழமை அது வந்தது. ஆனால் என் பெட்டியில் இல்லை. பக்கத்துப் பெட்டியில் உட்கார்ந்திருந்தவர் தட்டுகளை ஒவ்வொன்றாக வேகமாகத் தள்ளிக்கொண்டே வந்தார், நிறுத்தினார், ஒன்றை உருவினார். மஞ்சள் கவர். மூலையைப் பார்த்ததுமே தெரிந்துவிட்டது. அவர் அதை எட்ட வைத்து ஒரு ரசிப்பு ரசித்தார், அக்குளில் வைத்துக்கொண்டார்.

சட்டப்படி நான் வாயைத் திறக்கக்கூடாது. திறந்தேன். "சார், அது எனக்கு வேணும்."

அவர் திரும்பினார். ஜாஸ் தட்டுகளாக வாங்குகிற, எனக்கு முகம் மட்டும் தெரிந்த ஆள். தமிழ் புரியும், பேச்சில் கொஞ்சம் மலையாளம் ஒட்டியிருக்கும். "மேடம், நீங்களே இப்படிக் கேட்கலாமோ? ரூல் சொல்றதே நீங்கதானே" என்றார். கடையில் இரண்டு மூன்று பேர் சிரித்தார்கள்.

"தெரியும். இருந்தாலும் கேக்கறேன். இந்தப் பாட்டெல்லாம் நீங்க கேப்பீங்களா?"

"கேட்க இல்ல. கவர் நல்லாயிருக்கு. ஃப்ரேம் பண்ணி ஹாலில் மாட்டணும்."

ஃப்ரேம்! என் அப்பாவின் பேச்சு இந்த ஆள் வீட்டு ஹாலில் ஆணியில் தொங்கப்போகிறது. "அப்ப கவர நீங்களே வெச்சுக்கோங்க சார். உள்ள இருக்கிற தட்ட மட்டும் எனக்குக் குடுங்க" என்று கத்தியேவிட்டேன்.

கவரையும் தட்டையும் பிரிப்பது எங்கள் கூட்டத்தில் யாரும் வாயால்கூடச் சொல்லாத விஷயம். கவர் இல்லாத தட்டு ரோட்டில் போட்டாலும் யாரும் எடுக்கமாட்டார்கள். கடைக்காரர் கல்லாவை விட்டு எழுந்தே வந்துவிட்டார். "ஏன் மேடம், உங்களுக்கு என்ன ஆச்சு? பிரிக்கறதா? நீங்களா?" என்றார்.

நான் சொன்னேன். அப்பாவுக்குப் பேச்சு போனதை, அந்த ஒற்றை "அது"வை, பயிற்சிக்கு வரும் பெண் சொன்னதை, போன் கட்டிலுக்கு அடியில் போனதை எல்லாம் நின்றபடியே சொன்னேன். அழுதால் அழுதுவிட்டுப் போகிறேன் என்று சொல்லி முடித்தேன். அந்த ஆள் அக்குளிலிருந்து எடுத்து இரண்டு கையாலும் நீட்டினார். "கவரும் எடுத்துக்கோங்க" என்றார். நான் கவரை வாங்கவில்லை. கவர் உங்களுக்கு, தட்டு எனக்கு என்று நானே சொன்னது, சொன்னதுதான். தட்டை மட்டும் உருவி, கடைக்காரர் கொடுத்த வெள்ளைக் காகித உறையில் போட்டு, நெஞ்சோடு அணைத்துக்கொண்டு படியிறங்கினேன்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். அம்மாவைக் கறிக்குழம்பு வைக்கச் சொன்னேன். தட்டை மிருதுவான துணியால் கழுவி, நிழலில் நிறுத்தி உலர்த்தினேன். புள்ளி அட்டையைப் போட்டுப் பார்த்தேன். டியூப்லைட் வெளிச்சத்தில் ஒரு புள்ளி அசையவில்லை. அப்பாவை நாற்காலியில் கொண்டுவந்து பிளேயர் எதிரில் உட்கார வைத்தேன். தட்டு சுற்ற ஆரம்பித்ததும் அவர் முன்னால் குனிந்து பார்த்தார். கண்ணில் நீர் கோத்துக்கொண்டது. "பாருங்கப்பா, அதே தட்டு" என்றேன். கடைசிப் பாட்டுக்கு முந்தின இடைவெளியில் ஊசியை வைத்தேன். கரகரவென்று கொஞ்சம் கீறல் சத்தம், பிறகு முதல் இசை. அப்பா வாயைத் திறந்தார்.

குரல் வந்தது. அப்பா நின்றார். இடது கை எழுந்து, உள்ளங்கை கீழே பார்க்க, மெல்ல இறங்கியது. "அது." கெஞ்சுவது போலச் சொன்னார். "அது, அது, அது." பிறகு முகத்தை மூடிக்கொண்டு அழுதார்.

நான் பின்கட்டுக்குப் போய் துணி துவைக்கிற கல்மேல் உட்கார்ந்தேன். ஆஸ்பத்திரியைத் திட்டினேன், கடவுளைத் திட்டினேன், வாளியை ஒரு உதை உதைத்தேன். அவர் அழுததை என்னால் தாங்க முடியவில்லை. நான்தான் அழ வைத்தேன். நான்தான் ஆசை காட்டி மோசம் செய்தேன். இனிமேல் இந்தப் பாட்டையே அவர் காதில் படவிடுவதில்லை என்று நினைத்துக்கொண்டிருந்தபோது அம்மா வந்து பக்கத்தில் நின்றாள்.

"அவரு ஏதோ சொல்றாருடி. நீ அவரக் கேக்கறதில்ல, உன் பொட்டியவே பாத்துட்டிருக்க."

"என்னம்மா சொல்றாரு? சத்தம் கம்மி பண்ணுன்னுதானே? பண்ணியாச்சே!"

"சத்தம் இல்லடி. எனக்கும் இன்னிக்கித்தான் ஒறச்சுது. நம்ம பழைய பொட்டில அந்தம்மா இவ்ளோ ஓட்டமா பாடாது. நிதானமா பாடும். கொரலும் இப்படிக் கீச்சுனு இருக்காது. ரேடியோல இதே பாட்டு வந்தா உங்கப்பா கத்துவாரே, 'இவனுங்களுக்கு எந்த பஸ்ஸப் புடிக்கணும், இப்படி ஓடறானுங்க'ன்னு. மெதுவா போகச் சொல்றாருடி."

எனக்குச் சிரிப்புதான் வந்தது. பாட்டு ஒன்றுதான், தட்டும் ஒன்றுதான், அது எப்படி எங்கள் வீட்டில் மட்டும் நிதானமாகப் பாடும் என்று கேட்க வாயெடுத்தேன். அப்படியே நின்றுவிட்டேன். எங்கள் பழைய பிளேயர் இங்கே வாங்கியது இல்லை. மாமா சவுதியிலிருந்து கொண்டுவந்தது. அங்கே கரண்ட்டின் வோல்ட் வேறு என்று, கூடவே செங்கல் கனத்துக்கு ஒரு டிரான்ஸ்ஃபார்மரும் கொண்டுவந்திருந்தார். அது எப்போதும் உறுமிக்கொண்டே இருக்கும். டிரான்ஸ்ஃபார்மர் வோல்ட்டைத்தான் மாற்றும். கரண்ட்டின் துடிப்பை மாற்றாது. இங்கே கரண்ட் நொடிக்கு ஐம்பது தடவை துடிக்கிறது, அங்கே அறுபது. அந்த மாதிரி மோட்டார் அந்தத் துடிப்பை எண்ணித்தான் சுற்றும். அறுபதுக்குச் செய்த பிளேயரை ஐம்பதில் ஓட்டினால் வேகத்தில் ஆறில் ஒரு பங்கு போச்சு. பாட்டு மெதுவாகும், பெண் குரல் இறங்கிக் கனத்துவிடும், ஒரு ஆம்பளை சௌகரியமாகச் சேர்ந்து பாடுகிற சுருதிக்கு வந்துவிடும்.

ஊரெல்லாம் ஒரு வேகத்தில் கேட்ட பாட்டை எங்கள் வீடு மட்டும் வேறு வேகத்தில் கேட்டிருக்கிறது. எனக்கும் அந்தப் பாட்டு சின்ன வயதில் கனமாக, சோகமாக இருந்ததாக ஞாபகம். வளர்ந்தபின் கேட்டபோது அப்படி இல்லை. சின்னப் பிள்ளைக் காது என்று விட்டுவிட்டேன். எழுந்து அம்மாவைக் கட்டிக்கொண்டேன். "விடுடி, கை ஈரம்" என்றாள்.

உள்ளே ஓடிப்போய்ப் பாட்டை மறுபடி போட்டு, சுற்றும் தட்டின் விளிம்பில் விரல் நுனியை வைத்து அழுத்தினேன். பாட்டு குடித்தவன் நடை மாதிரி தள்ளாடியது. ஆனால் நடுவில் ஒரு கணம், ஒரே ஒரு வரியில், குரல் அந்தப் பழைய இடத்துக்கு இறங்கியது. சுவரைப் பார்த்துக்கொண்டிருந்த அப்பா சட்டென்று தலையைத் திருப்பினார். எனக்கு அது போதும்.

போனிலேயே வேகத்தைக் குறைக்கலாமே என்பீர்கள். குறைத்தேன். அது கெட்டிக்காரத்தனமாக வேகத்தை மட்டும் குறைத்துக் குரலை அப்படியே உயரத்தில் வைத்துக்கொண்டது. இரண்டையும் சேர்த்து இறக்கவும் வழி இருக்கிறது, கம்ப்யூட்டரில் செய்து தருகிறேன் என்று ஆபீசில் ஒருத்தர் சொன்னார். இருக்கட்டும். அப்பா தட்டு சுற்றுவதைப் பார்த்த மாத்திரத்தில் முன்னால் குனிந்ததை நான் பார்த்திருக்கிறேன். அவர் கண் முன்னால் தட்டுதான் சுற்ற வேண்டும், அவருடைய வேகத்தில் சுற்ற வேண்டும் என்று முடிவுகட்டிவிட்டேன்.

கடைக்காரருக்குப் போன் போட்டேன். என் பிளேயரில் மோட்டாரின் தலையில் ஒரு சின்னப் பித்தளை உருளை இருக்கும். அதில் மாட்டிய பெல்ட்தான் தட்டைச் சுற்றும். அந்த உருளையை ஆறில் ஒரு பங்கு மெலிதாகச் செய்தால் தட்டும் அவ்வளவு மெதுவாகும். அதைக் கடைந்து கொடுக்க ஆள் வேண்டும் என்றேன்.

"மேடம், ஸ்பீட் ஒரு பாயிண்ட் தப்புன்னு என்கிட்ட மூணு பெல்ட் மாத்துனவங்க நீங்க. இப்ப நல்லா ஓடற பிளேயர நீங்களே கெடுக்கப் போறீங்களா?"

"ஆமா, கெடுக்கணும். யாரு செய்வாங்க சொல்லுங்க."

"சும்னே பேஜார் உங்களோட" என்று கன்னடத்தில் அலுத்துக்கொண்டார், ஆனால் ஊருக்கு வெளியே சந்தாபுராவில் ஒரு லேத் பட்டறையின் விலாசம் அனுப்பினார்.

ஆபீசுக்கு லீவு போட்டுவிட்டு அந்த நெரிசலில் சந்தாபுரா போய்ச் சேர்ந்தேன். பட்டறைக்காரர் தர்மபுரிப் பக்கத்துத் தமிழ்க்காரர். உருளையைக் கையில் வாங்கி உருட்டிப் பார்த்தார். "இது நல்லாத்தானம்மா இருக்குது. எதுக்கு மெலிசா வேணும்?" என்றார்.

"எங்கப்பா பாடறதுக்குண்ணே" என்றேன். இதற்குமேல் எங்கிருந்து ஆரம்பித்து விளக்குவது? அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார், ஆனால் மேற்கொண்டு கேட்கவில்லை. முதலில் கடைந்தது அளவுக்கு மேல் மெலிந்துபோயிற்று. இன்னொன்று செய்யுங்கள் என்றேன். "ஒரு நூல்தானம்மா வித்தியாசம், ஓடும்" என்றார். ஓடக்கூடாதுண்ணே, நடக்கணும், அதுவும் சரியான நடை நடக்கணும் என்று அங்கேயே ஸ்டூலை இழுத்துப்போட்டு உட்கார்ந்துவிட்டேன். இவள் போகமாட்டாள் என்று தெரிந்ததும் டீ சொன்னார். இரண்டாவது சரியாக வந்தது.

மறுநாள் காலையில் பழைய உருளையைக் கழற்றிப் புதிதை மாட்டினேன். பழக்கதோஷத்தில் புள்ளி அட்டையைப் போட்டேன். புள்ளிகள் கலைந்து பின்னால் ஓடின. அட்டையை எடுத்து மேஜைக்கு அடியில் எறிந்தேன்.

அப்பா வரமாட்டேன் என்றார். நாற்காலியைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு, "அது" என்று தலையை ஆட்டினார். மறுபடி தோற்க அவருக்கு மனமில்லை. எனக்கும் பயம்தான். ஆனால் விட்டேனா? பிளேயரைத் தூக்கிக்கொண்டு போய் அவர் எதிரில் ஸ்டூல் போட்டு வைத்தேன். "ஒரே ஒரு வாட்டிப்பா. பிடிக்கலன்னா இந்தப் பொட்டிய நானே தெருவுல வீசறேன்" என்று சொல்லி ஊசியை வைத்தேன்.

முதல் இசை வந்தது. நிதானமாக, கொஞ்சம் கனத்து. அப்பாவின் தலை நிமிர்ந்தது. குரல் வருகிற இடத்தில் அவருடைய இடது கை எழுந்தது, உள்ளங்கை கீழே பார்த்தது, இறங்கப்போகிறது என்று நான் பல்லைக் கடித்துக்கொண்டேன். இறங்கவில்லை. குரல் வந்தது, கீழே, அடித்தொண்டையில், எங்கள் பழைய கூடத்தில் கேட்ட அதே பொம்பளையின் குரல். அப்பாவின் கை காற்றிலேயே மெல்ல அசைந்து தாளம் போட்டது. அவர் கண்ணை மூடினார். முதல் வரியை விட்டுவிட்டார். இரண்டாவது வரியின் கடைசிச் சொல்லைப் பிடித்தார். மூன்றாவது வரியை முழுசாகப் பாடினார்.

சொற்களோடு பாடினார். கொழகொழவென்றுதான் வந்தது, ஒரு பக்க உதடு ஒத்துழைக்கவில்லை. ஆனால் எல்லாம் சொற்கள், ஒன்றன்பின் ஒன்றாக, வரிசை மாறாமல். அத்தனை மாதமாக எங்கே போயிருந்தனவோ! கரண்டியோடு அடுப்படியிலிருந்து ஓடிவந்த அம்மா வாசற்படியில் நின்று, "ஐயோ, பாடறாரு, பாடறாருடி" என்று சத்தமில்லாமல் சொல்லிக்கொண்டே இருந்தாள். நான் அழுதேன். கூடவே பாட வேண்டும் என்று பயிற்சிப் பெண் சொல்லிக் கொடுத்திருந்ததெல்லாம் மறந்துபோயிற்று. வாயைப் பிளந்துகொண்டு நின்றேன்.

பாட்டு முடிந்தது. அப்பா கடைசி இழுப்பையும் விடாமல் இழுத்து முடித்து, மூச்சு வாங்கக் கண்ணைத் திறந்தார். அது அந்தப் பக்கத்தின் கடைசிப் பாட்டு. என் பிளேயர் தானாக நிற்கிற ரகம் இல்லை. ஊசி உள்வட்டத்துக்குப் போய், லேபிள் ஓரத்தில் இடித்து இடித்து, டிக், டிக், டிக் என்று தட்டிக்கொண்டிருந்தது. நானும் அம்மாவும் ஒருவர் தோளில் ஒருவர் சாய்ந்து அழுதுகொண்டிருந்தோம், யாரும் அதைக் கவனிக்கவில்லை.

அப்பா கவனித்தார். பிளேயரைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். புருவம் ஏறியது. தட்டு முடிந்தபின் ஊசியைத் தேயவிடுகிற முட்டாளைப் பார்க்கிற பார்வை அது, எனக்கு நன்றாகத் தெரியும், நானும் அதே பார்வைதான் பார்ப்பேன். வாயைத் திறந்தார். "அ..." என்று ஆரம்பித்தார். தலையை உதறினார், அது வேண்டாம் என்பது போல. உதட்டைக் குவித்தார்.

"ஊ... ஊசி."

அம்மா அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

"ஊசிய எடு."

தட்டில் பாட்டு இல்லை. கூடவே பாட யாரும் இல்லை. அவராகத் தேடி, அவராகக் கண்டுபிடித்து எடுத்த சொல். என் கை தானாக ஊசியை நோக்கிப் போனது. பாதி வழியில் அதை இழுத்து, முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டேன். தேயட்டும். ஊசி எத்தனை வேண்டுமானாலும் வாங்கிக்கொள்ளலாம்.

"எதப்பா எடுக்கணும்?" என்றேன்.

டிக், டிக், டிக். அப்பாவின் முகம் சிவந்தது. நாற்காலியின் கையை ஓங்கி அடித்தார்.

"ஊசியடீ!" என்று அவர் கத்தியது சந்து முழுக்கக் கேட்டது.